உப்பைக் கேட்டது நான்

அன்புள்ள அருள்,

போன ஞாயிற்றுக்கிழமை சிதம்பரத்தில் உன் நிச்சயதார்த்தம் முடிந்து கடலூர் திரும்பியதிலிருந்து உன்னிடம் பேச வேண்டும் என்று நினைத்துக்கொண்டே இருக்கிறேன். போனில் பேசியிருக்கலாம். ஆனால் நீ "மீட்டிங் இருக்குப்பா" என்பாய். நானும் மூன்று வாக்கியம் பேசிவிட்டு, அங்கே மழையா, சாப்பிட்டாயா என்று வேறு பேச்சுக்குப் போய்விடுவேன். நமக்குள் அப்படித்தான் பழகிவிட்டது. அதனால் எழுதுகிறேன். இதில் சில விஷயங்கள் உனக்குப் பிடிக்காது. கடைசியில் எழுதப்போவது உனக்குக் கோபத்தையே வரவழைக்கும். இருந்தாலும் முழுவதையும் படித்துவிடு.

அன்றைக்குப் பந்தியில் நீயும் நானும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தோம். வினோதினியின் அம்மா தானே பாத்திரத்தை எடுத்து வந்து உன் இலையில் சம்பா சாதமும் கத்திரிக்காய் கொத்சும் பரிமாறினார். நீ ஒரு வாய்கூட வைக்கவில்லை. அதற்குள் இலை ஓரத்து உப்பை எடுத்துக் கொத்சு மேல் தூவினாய். பிறகு சாப்பிட்டுப் பார்த்துவிட்டு, "அத்தை, இன்னும் கொஞ்சம் உப்பு குடுங்க. எங்க வீட்டு நாக்கு அப்படி" என்று சிரித்தாய். சுற்றியிருந்தவர்களும் சிரித்தார்கள். அந்த அம்மா சிரித்த மாதிரி வைத்துக்கொண்டு உப்பு எடுக்க உள்ளே போனார். மற்றதெல்லாம் சமையல்காரர் செய்தது, கொத்சு மட்டும் அவர் விடியற்காலையில் எழுந்து உனக்காகத் தன் கையால் செய்தது என்று வினோதினி பிறகு உன் அம்மாவிடம் சொல்லியிருக்கிறாள். நானும் அதைச் சாப்பிட்டேன். உப்பு சரியாகத்தான் இருந்தது. இப்போதைய என் நாக்குக்குக் கொஞ்சம் கூடுதலாகவே இருந்தது. எங்க வீட்டு நாக்கு என்றாயே, அது என் நாக்கு. அதை உனக்குக் கொடுத்தவன் நான்.

குடிகாடு பக்கத்துக் கெமிக்கல் கம்பெனியில் நான் பாய்லர் பார்த்த வருஷங்களில் சட்டையைப் பிழிந்தால் தண்ணீர் சொட்டும். வேர்வையில் உப்பு போகிறது, அதனால் உப்பு நிறைய சாப்பிட வேண்டும் என்று எங்களுக்குள் ஒரு கணக்கு வைத்திருந்தோம். யாரும் எங்களுக்கு அப்படிச் சொல்லிக்கொடுக்கவில்லை. மதியச் சோற்றுக்கு நார்த்தங்காய் ஊறுகாய் இல்லாத நாள் எனக்குச் சாப்பிட்ட மாதிரியே இருக்காது. நம் செம்மண்டலத்து வீட்டில் வாரத்தில் நான்கு நாள் கருவாடு. மோர்ச் சோற்றுக்கு உப்பில் ஊறிக் காய்ந்த மோர் மிளகாய். இதற்கு மேல் தட்டின் ஓரத்தில் ஒரு சிட்டிகை உப்பு தனியாக. உன் அம்மா கல்யாணமாகி வந்த புதிதில் நிதானமான உப்பில்தான் சமைத்தாள். அவள் கையை மாற்றியது நான்.

நீ ஐந்தாம் வகுப்பு படித்தபோது நடந்தது ஒன்று உனக்கு நினைவிருக்கிறதா தெரியவில்லை. அம்மாவின் அண்ணன், உன் பெரிய மாமா, சிதம்பரத்திலிருந்து வந்திருந்தார். அக்கம்பக்கத்தார் தைக்கக் கொடுத்திருந்த பள்ளிக்கூட யூனிஃபார்ம்களை அப்படியே தையல் மெஷினில் விட்டுவிட்டு அம்மா மீன் வாங்கி வந்து குழம்பு வைத்தாள். உப்பு குறைவு. நான் ஒரு வாய் வைத்துவிட்டுத் தட்டைத் தள்ளினேன். "இத மனுஷன் திம்பானா?" என்று கேட்டுவிட்டு எழுந்து கை கழுவப் போய்விட்டேன். மாமா குனிந்த தலை நிமிராமல் சாப்பிட்டு முடித்தார். தன் தங்கையின் முகத்தைப் பார்க்கக்கூடாது என்றுதான் அப்படிச் சாப்பிட்டார் என்பது எனக்கு அப்போதே தெரியும். மறு வாரம் நீயும் அதேபோல உன் தட்டைத் தள்ளினாய். அம்மா உன்னைத் திட்ட வந்தாள். நான் தடுத்து, "விடு, என் நாக்கு அப்படியே வந்திருக்கு" என்றேன். பெருமையாகத்தான் சொன்னேன். அதற்குப் பிறகு அம்மா எதையும் ருசி பார்த்து உப்புப் போட்டதில்லை. போட்டதற்கு மேல் ஒரு பிடி போட்டுவிடுவாள். அதையேதான் அவளும் சாப்பிட்டாள். அவளுடைய ரத்தக் கொதிப்பு மாத்திரை எப்போது ஆரம்பித்தது என்பதை நான் எண்ணிப் பார்க்க விரும்பவில்லை.

என் வியாதி உனக்குத் தெரிந்த கதை. ஆனால் நீ அப்போது சென்னையில் இருந்தாய், வாரக் கடைசியில் வந்து போனாய், அதனால் நடுவில் நடந்தது தெரியாது. நான்கு வருஷத்துக்கு முன்பு இரண்டு இட்லியிலேயே வயிறு நிரம்பிவிடும். நெஞ்சுக்குக் கீழே எரிச்சல். கேஸ் என்று நினைத்து மருந்துக் கடையில் நானே மாத்திரை கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டு ஏழெட்டு மாதம் ஓட்டினேன். பேன்ட் இடுப்பில் நிற்காமல் போனபோதும் வயசாகிறது என்று சொல்லிக்கொண்டேன். மலம் தார் மாதிரி கறுப்பாகப் போக ஆரம்பித்த பிறகுதான் அம்மா என்னை இழுத்துக்கொண்டு சிதம்பரம் ஆஸ்பத்திரிக்குப் போனாள். வாய் வழியாகக் குழாய் விட்டுப் பார்த்து, ஒரு துணுக்கு எடுத்துப் பரிசோதித்து, இரைப்பையில் புற்றுநோய் என்றார்கள்.

ஆபரேஷனுக்கு முன்பு ஒரு லேடி டாக்டர் உட்கார்ந்து விசாரித்தார். உன்னைவிட இரண்டு மூன்று வயது கூட இருக்கலாம். "கருவாடு, ஊறுகாய் எல்லாம் வாரத்துல எத்தினி நாளு சாப்பிடுவீங்க?" என்று கேட்டார். "சாப்பிடாத நாள கேளுங்க டாக்டர், சொல்றேன்" என்றேன். அவர் சிரிக்கவில்லை, எழுதிக்கொண்டார். பீடி பற்றிக் கேட்டார். இருபது வருஷம் பிடித்தேன், பிறகு விட்டுவிட்டேன் என்றேன். அதையும் எழுதினார். நான் அவரிடம், "கம்பெனி காத்துலதான் இது வந்துச்சுன்னு எல்லாரும் சொல்றாங்க" என்றேன். உண்மையில் நான் அதை ஒரு வேண்டுதல் மாதிரிதான் கேட்டேன். அவர் ஆமாம் என்று சொல்லிவிட்டால் நான் தப்பித்துக்கொள்ளலாம்.

"அத நான் இல்லைன்னும் சொல்ல முடியாது, ஆமான்னும் சொல்ல முடியாதுங்க" என்றார் டாக்டர். "உப்பு மட்டும்தான் காரணம்னும் சொல்ல மாட்டேன். உங்க இரைப்பைல ஒரு கிருமி இருந்திருக்கு. நம்ம ஊர்ல நெறைய பேருக்கு இருக்கு, முக்கால்வாசிப் பேருக்கு அது ஒண்ணும் பண்றதில்ல. ஆனா வருஷக்கணக்கா உப்பு ஜாஸ்தியா போனா இரைப்பையோட உள்பக்கத் தோல் கெட்டுப்போவும். அப்ப அந்தக் கிருமிக்கு வசதியாயிடும். பீடி வேற. எல்லாம் சேந்து ஆபத்தக் கூட்டிடுது. இதுல எது எவ்ளோன்னு ஒருத்தருக்கு நான் பிரிச்சுச் சொல்ல முடியாது. உப்பு உங்க கையில இருக்கற விஷயம், அதனால கேக்கறேன்."

இரைப்பையில் முக்கால் பங்கை எடுத்தார்கள். மூன்றாம் நாளோ நான்காம் நாளோ, குமராட்சியிலிருந்து உன் பெரிய அத்தை வந்தார். மினி பஸ்ஸில் கூட்டத்தில் நின்றுகொண்டே வந்த களைப்பு, தம்பியை இந்த நிலையில் பார்த்த வேதனை, எல்லாம் சேர்ந்து கட்டில் பக்கத்தில் உட்கார்ந்ததும் கொட்டித் தீர்த்தார். "டாக்டரம்மா உப்புன்றாங்களாமே. இவ கையி உப்பு ஜாஸ்தின்னு நான் அப்பவே சொன்னேன். பாத்துப் போட வேணாமா? வீட்ல இருக்கறவ கவனிக்காம யாரு கவனிப்பாங்க?" என்றார். அம்மா எதிரில் நின்று போர்வையை மடித்துக்கொண்டிருந்தாள். மடித்த போர்வையைப் பிரித்து மறுபடியும் மடித்தாள். என் பக்கம் ஒருமுறை பார்த்தாள். நான் கண்ணை மூடிக்கொண்டேன். தூங்குகிற மாதிரி இருந்துவிட்டேன்.

என் வாழ்க்கையில் எத்தனையோ தவறு செய்திருக்கிறேன் அருள். தட்டைத் தள்ளியதுகூட ஒரு நிமிஷக் கோபம். இது அப்படியில்லை. எனக்குப் பேச முடியும், தொண்டையில் குழாய் எதுவும் இல்லை. "அக்கா, நான்தான் கேட்டேன்" என்று சொல்ல மூன்று வார்த்தை போதும். சொல்லியிருந்தால் என் மேல் வந்திருக்கும். உடம்பும் போய், பழியும் என் மேலேயா என்று இருந்தது. அதனால் அவள் மேல் விழட்டும் என்று விட்டுவிட்டேன்.

வீட்டுக்கு வந்த பிறகு அம்மா சுத்தமாக உப்பில்லாமல் சமைத்தாள். ஒவ்வொரு முறையும் நான் சாப்பிட்டு முடிக்கிறவரை நின்று, "வயித்துக்கு ஒண்ணும் பண்ணலையே?" என்று கேட்பாள். கொல்லையில் துணி காயப்போடும்போது பக்கத்து வீட்டுக்காரரிடம் அவள் பேசியது ஒருநாள் எனக்குக் கேட்டது. "நாந்தான் அவருக்கு இத வாங்கிக் குடுத்துட்டேன்" என்றாள். அழவில்லை. பால் கெட்டுப்போய்விட்டது என்று சொல்வதைப்போலச் சொன்னாள். நான்கு மாதமாக அதை அப்படியே நம்பிக்கொண்டிருந்திருக்கிறாள்.

அன்று சாயங்காலமே அம்மாவைப் பக்கத்தில் உட்காரவைத்து, ஸ்பீக்கரைப் போட்டு, அத்தைக்குப் போன் செய்தேன். "அக்கா, ஆஸ்பத்திரில நீ இவளச் சொன்னியே. உப்பக் கேட்டது நான். இவ கம்மியா போட்டப்ப தட்டத் தள்ளினவன் நான். இவ மேல ஒரு தப்பும் இல்ல" என்றேன். அத்தை, "அப்ப ஏன்டா அன்னிக்கி கண்ண மூடிக்கிட்ட?" என்றார். நான் தூங்கவில்லை என்று அவருக்கு அப்போதே தெரிந்திருக்கிறது. போனை வைத்ததும் உன் அம்மா, "நாலு மாசம் ஆச்சு உங்களுக்கு" என்று மட்டும் சொல்லிவிட்டு எழுந்து போனாள். மன்னித்தாளா என்று நான் கேட்கவில்லை. அத்தை அடுத்த முறை வந்தபோது நேராக அடுப்படிக்குப் போய் அம்மா பக்கத்தில் உட்கார்ந்து வெங்காயம் உரித்தார். "எனக்கும் கம்மியாவே போடும்மா" என்றார். அத்தைக்கு வருத்தம் தெரிவிக்கத் தெரிந்த விதம் அது.

அதற்குப் பிறகு நான் சமைக்க ஆரம்பித்தேன் என்பது உனக்குத் தெரியும், நீ கேலியும் செய்திருக்கிறாய். உப்பை அறவே விட வேண்டாம், டப்பாவிலிருந்து பிடியாக அள்ளாமல் நாள் முழுக்க எல்லாருக்கும் சேர்த்து இவ்வளவுதான் என்று ஸ்பூனில் எடுத்துவைத்துக்கொள்ளுங்கள் என்று டாக்டர் சொல்லியிருந்தார். யாரோ சொன்னார்கள் என்று அம்மா இந்துப்பு வாங்கி வந்தாள். டாக்டர் அதைப் பார்த்துவிட்டு, "கலர் வேற, அதுவும் உப்புதாம்மா. அயோடின் கலந்த சாதா உப்பயே கம்மியா போடுங்க" என்றார். முதல் மூன்று வாரம் எதைத் தின்றாலும் சவசவ என்றிருந்தது. எலுமிச்சை பிழிந்தேன், மிளகு, சீரகம், கொத்தமல்லி கூட்டினேன். பிறகு ஒருநாள் சாதாரணப் பீர்க்கங்காய்க் கூட்டில் ஒரு தித்திப்பு தெரிந்தது. அம்மாவிடம் சர்க்கரை போட்டாயா என்று கேட்டேன். "அது பீர்க்கங்காயோட ருசிங்க" என்றாள். அறுபது வயதுக்கு அப்புறம் பீர்க்கங்காய் எப்படி இருக்கும் என்று தெரிந்துகொண்டேன். கருவாடு இப்போதும் உண்டு, மாதத்தில் ஒருநாள், தண்ணீரில் நன்றாக ஊறவைத்து அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு.

உன் சென்னை அறைக்கு வந்தபோது ஃப்ரிட்ஜைத் திறந்து பார்த்தேன். சாசேஜ் பாக்கெட், உறைய வைத்த சிக்கன், கீழே சிப்ஸ், நூடுல்ஸ். காய் என்று ஒரு தக்காளிதான். நான் டாக்டர் இல்லை, உன்னை உட்காரவைத்துப் பாடம் எடுக்கவும் மாட்டேன். ஆனால் பாக்கெட்டில் வருவதில் நாக்குக்குத் தெரியாத உப்பு நிறைய இருக்கிறது. அந்த மாதிரிப் பதப்படுத்திய கறியைத் தினமும் தின்றால் பெருங்குடலுக்கும் ஆபத்து கூடுகிறது என்று டாக்டர் என்னிடமே சொன்னார். காயும் பழமும் கீரையும் பயறும் தட்டில் பாதி இருக்கட்டும் என்றார். இப்படிச் சாப்பிட்டால் வரவே வராது என்று அவர் உறுதி கொடுக்கவில்லை. ஒழுங்காகச் சாப்பிட்டவர்களையும் நான் அந்த வார்டில் பார்த்தேன். அவர்களை நினைத்தால், யாருக்கு ஏன் வந்தது என்று விரல் நீட்ட எனக்குக் கூச்சமாக இருக்கிறது.

அன்றைக்கு உன் அறையில் இன்னொன்றும் பார்த்தேன். உன் பையில் நெஞ்செரிச்சல் மாத்திரை அட்டை, பாதி காலியாக. நான் ஏழெட்டு மாதம் சாப்பிட்ட அதே மாதிரி மாத்திரை. எனக்கு வந்திருப்பதால் வீட்டில் மற்றவர்களும் அந்தக் கிருமிக்குப் பரிசோதனை செய்துகொள்ளுங்கள், எரிச்சல் இருந்தால் குழாய் விட்டும் பார்த்துவிடலாம் என்று டாக்டர் அப்போதே சொன்னார். அம்மா செய்துகொண்டாள். கிருமி இருந்தது, பதினான்கு நாள் மாத்திரையில் போய்விட்டது. உன்னிடம் கேட்கும்போதெல்லாம் "எனக்கு ஒண்ணும் இல்லப்பா" என்கிறாய். எனக்கும் அப்படித்தான் ஒன்றும் இல்லாமல் இருந்தது.

இப்போது நீ கோபப்படப்போகிற விஷயத்துக்கு வருகிறேன். புதன்கிழமை, தான் வேலை பார்க்கிற பள்ளிக்கூடம் விட்டதும் வினோதினி எனக்குப் போன் செய்தாள். கொஞ்சம் தயங்கினாள். "மாமா, ஒண்ணு கேக்கட்டுமா? தப்பா நெனைக்காதீங்க. உங்களுக்கு வந்ததால அவரும் டெஸ்ட் எடுக்கணுமாமே. நான் கேட்டதுக்கு எடுத்தாச்சு, எல்லாம் நார்மல்னாரு. ரிப்போர்ட் கேட்டா சென்னைல இருக்குன்றாரு. நீங்க பாத்தீங்களா?" என்றாள்.

நீ அவளிடம் அப்படிச் சொல்லியிருக்கிறாய் என்பது எனக்கு அந்த நிமிஷம்தான் தெரிந்தது. நான் யோசிக்கவே இல்லை. "பாத்தேம்மா. எல்லாம் நல்லாருக்கு" என்று சொல்லிவிட்டேன். "சரிங்க மாமா, இப்பதான் நிம்மதியா இருக்கு" என்று அவள் போனை வைத்தாள். அம்மா பக்கத்தில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். என்னை நிமிர்ந்து பார்த்தாள். இந்த முறை நான் கண்ணைக்கூட மூடவில்லை அருள், திறந்துவைத்துக்கொண்டே செய்தேன். அவள் நிச்சயத்தை முறித்துவிடுவாளோ என்ற பயத்தில் ஒரு பெண்ணை ஏமாற்றிவிட்டேன்.

மறுநாள் சிதம்பரம் போனேன். அவள் பள்ளிக்கூடத்துக்கு எதிரில் இருந்த டீக்கடை ஓரத்தில் நின்றேன். மத்தியான இடைவேளையில் வந்தாள். என்னைப் பார்த்ததும், "என்னா மாமா, அத்தைக்கு எதாச்சுமா?" என்று பதறினாள். உன் அம்மாவுக்கு ஒன்றும் இல்லை என்று சொல்லிவிட்டு நேராக விஷயத்துக்கு வந்தேன். "அவன் டெஸ்ட் எடுக்கலம்மா, நான் எந்த ரிப்போர்ட்டும் பாக்கல, நேத்து உங்கிட்ட சொன்னது பொய்" என்றேன்.

அவள் ரோட்டைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு கேட்டாள். "கல்யாணத்த நிறுத்திடுவேன்னு பயந்தீங்களா?"

"ஆமாம்மா."

"நோய்க்கு நான் பயப்படல மாமா. இருந்தா வைத்தியம் பாத்துக்கலாம், ரெண்டு வாரம் மாத்திரைன்னு அத்தையே சொன்னாங்க. நாளைக்கு எதாச்சும் ஒண்ணுன்னா அவரு எங்கிட்ட மறைப்பாரு, நீங்களும் அவருக்குச் சேந்து பேசுவீங்கன்னா, நான் அந்த வீட்ல யாரக் கேப்பேன்?"

அவள் குரல் உயரவில்லை. நான் மன்னிப்புத்தான் கேட்டேன். அவள் என் கையைப் பிடித்து, "நீங்க வந்து சொன்னீங்க. சரி" என்றாள். மணி அடித்தது. போகும்போது திரும்பி, "நானா அவருகிட்ட இதப் பத்திக் கேக்க மாட்டேன் மாமா. அவராத்தான் சொல்லணும்" என்றாள். ஆவணியில் கல்யாணம் உண்டா என்று நான் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை.

நீ இதைப் படிக்கும்போது அவளுக்கு எல்லாம் தெரியும். உன்னைக் கேட்காமல் நான் செய்தது தப்பு என்று நீ நினைத்தால் என்னைத் திட்டிக்கொள். அடுத்த வாரம் சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்கு அதே டாக்டரிடம் நேரம் வாங்கியிருக்கிறேன். வெள்ளிக்கிழமை ராத்திரி சீக்கிரம் சாப்பிட்டுவிடு, காலையில் தண்ணீர்கூடக் குடிக்காமல் வா. நீ சாப்பிடுகிற அந்த மாத்திரையைப் பற்றி முன்கூட்டியே அவரிடம் போனில் சொல்லிவிடு, சில நாள் நிறுத்தச் சொன்னாலும் சொல்லுவார். குழாய் உள்ளே போகும்போது குமட்டும், மூக்கால் மூச்சு விடு, ஐந்து பத்து நிமிஷத்தில் முடிந்துவிடும். நானும் அம்மாவும் வெளியே உட்கார்ந்திருப்போம்.

வருகிறாயா இல்லையா என்று எனக்குப் போன் செய்ய வேண்டாம். முதலில் வினோதினிக்குச் செய்.

உன் அப்பா